தானவன் வந்த வழி

தமிழ் நாவலின் பிறப்பைப் பற்றிப் பேசுகிறவர்கள் மூன்று நூல்களை மறவாமல் குறிப்பிடுவார்கள். 1879ல் அச்சேறிய மாயூரம் வேதநாயகம் பிள்ளையின் பிரதாப முதலியார் சரித்திரம். 1893ல் விவேக சிந்தாமணியில் தொடராக வரத் தொடங்கி 1896ல் நூலான ராஜமையரின் கமலாம்பாள் சரித்திரம். 1898ல் வெளிவந்த அ. மாதவையாவின் பத்மாவதி சரித்திரம். இம்மூன்றையும் பந்தியில் உட்கார வைத்து இலை போடுகிறவர்கள், வாசலில் நிற்கும் நான்காவது ஒன்றைக் கண்டும் காணாதவர்போல் போய்விடுகிறார்கள். அது 1894ல், அதாவது கமலாம்பாள் இன்னும் நூலாகாத காலத்திலேயே வெளிவந்தது. அதன் பெயர் 'தானவன் என்ற போலீஸ் நிபுணன் கண்டுபிடித்த அற்புத குற்றங்கள்'. ஆசிரியர் பண்டித நடேச சாஸ்திரியார். தமிழில் துப்பறியும் கதைக்கு இதுவே முதல் நூல் என்பர் ஆராய்ந்தோர்.

துப்பறியும் கதை நல்ல பயிருக்கு நடுவே பின்னாளில் முளைத்த களை என்று நம்மில் பலர் எண்ணிக்கொண்டிருக்கிறோம். நானும் நெடுங்காலம் அப்படித்தான் எண்ணியிருந்தேன். ஆனால் ஆண்டுக் கணக்கைப் பார்த்தால் பயிரும் களையும் ஒரே மழையில் முளைத்திருக்கின்றன. ஆகவே எது பயிர், எது களை என்பதை இன்னொரு முறை பார்க்க வேண்டியிருக்கிறது.

முதலில் பெயரைக் கவனிப்போம். தானவன் என்றால் என்ன? நிகண்டும் புராணமும் அறிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. காசியபருக்குத் தனு என்பவளிடம் பிறந்தவர்கள் தானவர்கள். அசுரர் கூட்டத்தைச் சேர்ந்தவர்கள். திருடனுக்கோ கொலைகாரனுக்கோ இப்பெயரைச் சூட்டியிருந்தால் வியப்பில்லை. திருடனைப் பிடிக்கிறவனுக்கு, அதுவும் கதாநாயகனுக்கு, அசுரன் என்று பெயர் வைக்க வடமொழி வல்ல ஒரு சாஸ்திரியாருக்கு மனம் எப்படி வந்தது? 'தான் அவன்' என்று பிரித்துப் பார்த்தால் குற்றவாளியைச் சுட்டிக்காட்டும் விரல்போல அழகாகத்தான் இருக்கிறது. ஆயினும் அது நம்முடைய விளையாட்டே தவிர, விடையாகாது.

விடை ஆங்கிலத்தில் இருக்கிறது. அந்நாளில் ஆங்கிலம் வாசிப்போரிடையே பெயர் பெற்றிருந்த ஒரு போலீஸ் துப்பறிவாளன் டிக் டானவன். டகரத்தைத் தகரமாக்கிச் சொல்லிப் பாருங்கள். வேட்டி கட்டிய டானவனே தானவன் என்பது விளங்கும். பெயரின் ஒலியும், தலைப்பிலேயே 'போலீஸ் நிபுணன்' என்று தொழிலைச் சொல்லியிருப்பதும், காலப் பொருத்தமும் ஆகிய மூன்றையும் சேர்த்துப் பார்க்கையில் இம்முடிவுக்கு வருவதைத் தவிர எனக்கு வேறு வழி தோன்றவில்லை.

யார் இந்த டிக் டானவன்? அவன் கதையில் வரும் மனிதன். அவன் கதைகளை எழுதியவரும் அதே பெயரில்தான் எழுதினார். உண்மைப் பெயர் ஜே. இ. பிரெஸ்டன் மட்டாக். 1843ல் இங்கிலாந்தின் சௌதாம்ப்டன் பகுதியில் பிறந்தவர். இளமையிலேயே இந்தியாவுக்கு வந்துவிட்டார். 1857ல் வடநாட்டில் சிப்பாய்களின் பேரெழுச்சி மூண்டபோது அவருக்கு வயது பதினான்கு, கல்கத்தாவில் இருந்தார். காசிப்பூரில் பீரங்கி வார்க்கும் அரசாங்கத் தொழிற்சாலையில் வேலை பார்த்தார் என்று அவருடைய வரலாறு கூறுகிறது. மீசை முளைக்காத பிள்ளை வேலை பார்த்த இடத்தை எண்ணிப் பாருங்கள்! பிறகு ஆசிய நாடுகளிலும் அமெரிக்காவிலும் சுற்றினார். செய்தித்தாள்களுக்கு நிருபராக இருந்தார். சுவிட்சர்லாந்தில் தங்கி ஆல்ப்ஸ் மலைக்கு வழிகாட்டி நூல் ஒன்றும் எழுதினார். வீரசாகசக் கதை, பேய்க் கதை, வரலாற்றுக் கதை என்று கைக்கு வந்ததையெல்லாம் எழுதிப் பிழைத்தவர் அவர்.

அவருக்குப் பெயர் வாங்கித் தந்த இடம் ஸ்காட்லாந்தின் டண்டீ நகரம். அங்கு வெளிவந்த வார ஏடு ஒன்றில்தான் டிக் டானவன் பிறந்தான். இங்கே ஒரு சிறு செய்தியைச் சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. டண்டீ சணல் ஆலைகளுக்குப் பேர்போன ஊர். வங்காளத்தில் விளைந்த சணல் கப்பலேறி அங்கே போய்ச் சாக்காகத் திரும்பி உலகெங்கும் பரவியது. அந்நாளில் நம் முன்னோர் அரிசி வாங்கி வந்த கோணிக்கும், அவர்கள் பேரப்பிள்ளைகள் திருட்டுத்தனமாக வாசித்த மர்மக் கதைக்கும் மூலம் ஒரே ஊராக இருப்பது வேடிக்கைதான்.

டானவன் கதைகளின் முதல் தொகுதி 1888ல் நூலாயிற்று. 'மனித வேட்டைக்காரன்' என்று அதன் தலைப்பைத் தமிழில் சொல்லலாம். அதற்கு முந்திய ஆண்டில்தான் கானன் டாயிலின் ஷெர்லக் ஹோம்ஸ் முதன்முதலாக அச்சில் தலைகாட்டியிருந்தார். ஆகவே ஹோம்ஸைப் பார்த்துப் பிறந்தவன் டானவன் என்று சொல்ல முடியாது. இருவரும் ஏறக்குறைய ஒரே காலத்துப் பிள்ளைகள். 1889, 1890, 1891 என்று ஆண்டுதோறும் டானவன் தொகுதிகள் வந்தன. 1892ல் இன்னொரு நிகழ்ச்சி. லண்டன் ஸ்டிராண்ட் மாத இதழில் ஹோம்ஸ் கதைகளின் முதல் வரிசை ஜூன் மாதத்தோடு முடிந்தது. அடுத்த வரிசை டிசம்பரில்தான் தொடங்கிற்று. இடைப்பட்ட மாதங்களில் வாசகர்களின் பசியை ஆற்ற அவ்விதழார் யாரை அழைத்தார்கள்? டிக் டானவனைத்தான். ஹோம்ஸின் நாற்காலி காலியாக இருந்தபோது அதில் உட்கார்ந்தவன் என்ற அளவில் ஆங்கில இலக்கிய வரலாற்றில் அவனுக்கு இடம் உண்டு.

ஆனால் இருவருக்கும் வேறுபாடு பெரிது. ஹோம்ஸ் தனி மனிதர். சாம்பலைப் பார்த்துச் சுருட்டின் பெயரைச் சொல்வார். போலீஸாரை ஏளனம் செய்வார். டானவனோ கிளாஸ்கோ நகரத்துப் போலீஸ்காரன். சம்பளத்துக்கு வேலை செய்கிறவன். அவனுடைய கருவி கூரிய ஊகத்தைக் காட்டிலும் கால்நடைதான். விசாரிப்பான், வேடம் போடுவான், பின்தொடர்வான், பல நாள் காத்திருந்து பிடிப்பான். தன் கதையைத் தானே சொல்வான். கதைகள் நேராகப் போகும். சுற்றி வளைப்பது குறைவு. இன்று வாசிக்கிறவர்களுக்கு ஹோம்ஸ் இனிப்பதுபோல் டானவன் இனிக்கமாட்டான் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

மட்டாக் 1857ஐ மறக்கவில்லை. பின்னாளில் அந்த எழுச்சியை வைத்து நாவல் எழுதினார். 1896ல் வந்த ஒன்றுக்குக் 'கான்பூர்ப் புலி' என்று துணைத் தலைப்பு இட்டார். எந்தப் பக்கத்தில் நின்றுகொண்டு பார்த்தார் என்பதற்கு அத்தலைப்பு ஒன்றே போதும். 1907ல் தம் சாகச வாழ்க்கையின் நினைவுகளை நூலாக்கினார். 1934ல் காலமானார். இந்தியாவை ஆளவந்தவர் கண்ணால் பார்த்த இந்த மனிதருடைய கற்பனைப் பிள்ளை, அவர் உயிரோடிருக்கும்போதே, இந்திய மொழி ஒன்றில் பூணூல் கல்யாணம் செய்துகொண்டு புதுப்பெயர் பெற்றுவிட்டான்!

பெயர் சூட்டியவரை இனிப் பார்ப்போம். நடேச சாஸ்திரியார் 1859ல் பிறந்தவர். கானன் டாயிலும் அதே ஆண்டில் பிறந்தவர்தாம். சாஸ்திரியாரின் பெயருக்கு முன்னால் நிற்கும் 'சங்கேந்தி', திருச்சிராப்பள்ளிச் சீமையில் லால்குடிப் பக்கத்து ஊர். அரசாங்கத் தொல்பொருள் ஆராய்ச்சித் துறையில் பண்டிதராகப் பணியாற்றினார். 1886ல் ஜேம்ஸ் பர்ஜெஸ் வெளியிட்ட தமிழ், வடமொழிக் கல்வெட்டுத் தொகுதிக்கு மொழிபெயர்ப்புச் செய்தவர் இவரே. சிதைந்த கல்லில் தேய்ந்த எழுத்தைத் தடவிப் பார்த்து, முன்னும் பின்னும் உள்ளவற்றைக்கொண்டு நடுவில் உள்ளதை ஊகிப்பதுதான் கல்வெட்டுத் தொழில். துப்பறிவதற்கு இதைவிட நல்ல பயிற்சி எது?

மற்றொரு பக்கம் அவர் நாட்டார் கதைகளைத் தேடித் தேடிச் சேர்த்தவர். தென்னிந்திய நாட்டுக் கதைகளை ஆங்கிலத்தில் பல பகுதிகளாக வெளியிட்டார். மதனகாமராஜன் கதையை ஆங்கிலமாக்கினார். ஆங்கிலத்திலிருந்து தமிழுக்குக் கொண்டுவருவதிலும் அவருக்குக் கை பழகியிருந்தது. அவருடைய 'தலையணை மந்திரோபதேசம்' என்ற நூலைப் பழைய வாசகர்கள் கேள்விப்பட்டிருக்கலாம். இரவில் படுக்கையில் மனைவி கணவனுக்குச் செய்யும் உபதேசம் அது. டக்ளஸ் ஜெரால்டு என்ற ஆங்கிலேயர் எழுதிய நகைச்சுவை நூலை எடுத்துத் தமிழ் வீட்டு அம்மாளின் வாயில் வைத்தார் சாஸ்திரியார். மூலத்தை அறியாதவர்கள் அது மயிலாப்பூரில் பிறந்ததென்றே சத்தியம் செய்வார்கள். இப்படிச் செய்து பழகியவருக்கு டானவனைத் தானவனாக்குவது பெரிய காரியமா?

இது நிற்க. அவர் சேர்த்த கதைகளில் ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். அளகேச கதை என்று வழங்கும் தொகுதியில் உள்ளது அது.

நான்கு இளைஞர் வழிநடந்து வருகிறார்கள். எதிரே ஒரு வணிகன் ஓடிவந்து, காணாமற் போன தன் ஒட்டகத்தைக் கண்டீர்களா என்று கேட்கிறான். ஒருவன், 'அதற்கு ஒரு கால் நொண்டிதானே?' என்கிறான். இரண்டாமவன், 'வலக்கண் குருடுதானே?' என்கிறான். மூன்றாமவன், 'வால் குட்டையோ?' என்கிறான். நான்காமவன், 'வயிற்றுவலியால் வருந்துகிறதோ?' என்கிறான். எல்லாம் சரி என்று மகிழ்ந்த வணிகன், ஒட்டகம் எங்கே என்கிறான். நாங்கள் அதைப் பார்க்கவே இல்லை என்கிறார்கள் நால்வரும். இவர்களே திருடர்கள் என்று அவன் அளகாபுரி அரசனிடம் போய் முறையிடுகிறான். அரசன் விசாரிக்கிறான். தடங்களில் ஒரு காலின் சுவடு சரியாகப் பதியவில்லை, ஆகவே நொண்டி என்கிறான் முதல்வன். பாதையின் இடப்புறத்துத் தழைகளே மேயப்பட்டிருந்தன, ஆகவே வலக்கண் இல்லை என்கிறான் இரண்டாமவன். வழியில் சிறு சிறு இரத்தத் துளிகள் சிந்தியிருந்தன. கொசு கடிக்கும்போது ஓட்ட வால் போதவில்லை என்கிறான் மூன்றாமவன். முன்கால் தடம் அழுந்தியும் பின்கால் தடம் அழுந்தாமலும் இருந்ததால் வயிற்று நோய் அறிந்தேன் என்கிறான் நான்காமவன். அரசன் நால்வரையும் அமைச்சராக்கிக்கொள்கிறான்.

ஹோம்ஸ் செய்வது இதுதானே? தடத்தைப் பார்த்து, கண்ணால் காணாத விலங்கைச் சொல்வதுதானே? இந்தக் கதையைச் சாஸ்திரியார் 1890ல், கிங்ஸ்கோட் என்ற ஆங்கில அம்மையாரோடு சேர்ந்து லண்டனில் வெளியிட்ட 'சூரியனின் கதைகள்' என்ற நூலில் ஆங்கிலேயருக்குக் கொடுத்துவிட்டார். ஹோம்ஸ் ஸ்டிராண்ட் இதழுக்கு வருவதற்கு ஓராண்டு முந்தி!

அதைக் கண்டுதான் டாயில் எழுதினார் என்று நான் சொல்ல வருவதாக யாரும் எண்ணவேண்டாம். எல்லாம் நம்மிடமிருந்தே போயின என்று மார்தட்டும் கட்டுரைகளை வாசித்து அலுத்தவன் நான். உண்மை அதைவிடச் சுவையானது. இந்த ஒட்டகம் பல நாட்டு வழிகளில் நடந்த ஒட்டகம். பாரசீகத்திலும் அரபு நாட்டிலும் இதற்கு உடன்பிறப்புகள் உண்டு. 1557ல் வெனிஸ் நகரில் இத்தாலிய மொழியில் அச்சான 'செரண்டிப் நாட்டு மூன்று இளவரசர்கள்' என்ற நூலிலும் இந்த ஒட்டகம் வருகிறது. செரண்டிப் என்பது இலங்கை. அந்தப் பரம்பரைக் கதையைத்தான் பிரெஞ்சு அறிஞர் வால்டேர் 1747ல் எழுதிய தம் ஸாடிக் கதையில் ஒட்டகத்தை நாயாகவும் குதிரையாகவும் மாற்றிக் கையாண்டார். அதற்குப் பிறகு, தடம் கண்டு காரணம் காணும் முறைக்கே 'ஸாடிக்கின் முறை' என்று ஆங்கில விஞ்ஞானி ஹக்ஸ்லி 1880ல் பெயரிட்டார். இப்படியாக, கீழ்நாட்டு ஒட்டகத்தின் காலடி மேல்நாட்டுத் துப்பறியும் கதையின் வாசல்வரை போயிருப்பது தெரிகிறது.

அப்படியானால் வீட்டில் ஒட்டகம் இருக்கையில் சாஸ்திரியார் டானவனை ஏன் வெளியிலிருந்து கொண்டுவந்தார்? என்னைப் பல நாள் அலைக்கழித்த கேள்வி இது. நான் கண்ட விடையைச் சொல்கிறேன். ஏற்பதும் தள்ளுவதும் வாசகர் விருப்பம்.

ஒட்டகக் கதையில் அறிவு இருக்கிறது, உத்தியோகம் இல்லை. நால்வரும் வழிப்போக்கர்கள். அவர்கள் திறமை வெளிப்பட அரசன் வேண்டும், சபை வேண்டும். வெளிப்பட்டவுடன் அவர்கள் அமைச்சராகிவிடுகிறார்கள், கதை முடிந்துவிடுகிறது. டானவனோ இன்று ஒரு திருடனைப் பிடித்தாலும் நாளைக்கும் அதே சம்பளத்தில் அதே வேலைக்குப் போகவேண்டும். குற்றத்தைக் கண்டுபிடிப்பதையே பிழைப்பாகக் கொண்ட ஒருவன், அரசனுக்காக அல்லாமல் சட்டத்துக்காக அலைகிறவன், என்பதுதான் புதிது. ஊகம் நமக்குப் பழையது. இலாகா நமக்குப் புதியது. அரசாங்க உத்தியோகத்திலிருந்த சாஸ்திரியாருக்கு, ஹோம்ஸைக் காட்டிலும் இந்தச் சம்பளக்காரன் நெருக்கமாகத் தோன்றியிருக்கலாம்.

ஆனால் அந்த இலாகாவைத் தமிழ்மக்கள் எப்படி அறிந்திருந்தார்கள்? 1855ல் சென்னை மாகாணத்தில் ஒரு விசாரணைக் குழு அறிக்கை கொடுத்தது. வரி வாங்கவும் குற்றத்தை ஒப்புக்கொள்ளச் செய்யவும் மக்களை வதைப்பது எங்கும் நடக்கிறது என்று அக்குழுவே கண்டு எழுதிவைத்தது. அதற்குப் பின்னரே 1859ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மாகாணத்தில் புதிய போலீஸ் படை அமைந்தது. சட்டம் மாறிவிட்டது, மக்களின் அச்சம் அவ்வளவு விரைவில் மாறுமா? தானவன் வெளிவந்தபோது, கொட்டடியையும் கிட்டிக்கோலையும் நேரில் கண்ட கிழவர்கள் உயிரோடு இருந்தார்கள். அவர்கள் காலத்தில் ஒரு போலீஸ்காரனைக் கதாநாயகனாக்கியதே துணிவு. அவனுக்கு வாய்த்த பெயர் அசுரன் என்று பொருள்பட்டது தற்செயலாகவே இருக்கலாம். ஆயினும் அப்பெயரைக் கேட்ட கிழவர்களில் ஒருவரேனும், 'சரியான பெயர்தான்' என்று முணுமுணுத்திருக்கமாட்டாரா?

பின்னால் வந்தவர்கள் செய்ததைப் பார்த்தால் என் ஐயம் வலுக்கிறது. ஆரணி குப்புசாமி முதலியார் ஹோம்ஸைத் தழுவி ஆனந்தசிங் என்ற துப்பறிவாளனைப் படைத்தார். வடுவூர் துரைசாமி ஐயங்காரோ இன்னும் ஒரு படி மேலே போனார். பி.ஏ. பட்டம் பெற்று, அரசாங்க வேலையை உதறிவிட்டு எழுத வந்த அவர், துப்பறியும் வேலையை ஒரு சாமியாரிடம் ஒப்படைத்துவிட்டார். திகம்பர சாமியார் என்ற பெயரைக் கேட்டாலே பழைய வாசகர்கள் முகம் மலரும். போலீஸ்காரன் வந்தால் கதவைச் சாத்துகிற ஊரில், சாமியார் வந்தால் திண்ணையில் பாய் விரிப்பார்கள். எல்லா இரகசியமும் அவர் காதுக்கு வரும். இங்கிலாந்தில் யாருக்கும் தோன்றாத, தோன்றவும் முடியாத தீர்வு இது. டானவனுடைய அங்கியைக் கழற்றிக் காவி கட்டிய பிறகுதான் துப்பறிவாளன் நம் ஊர்க்காரன் ஆனான் என்பது என் கருத்து.

ஜே. ஆர். ரங்கராஜுவை வேறு வகையில் சேர்க்க வேண்டும். இருபதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டில் வந்த அவருடைய ராஜாம்பாளும், துப்பறியும் கோவிந்தனும் வீடு வீடாகப் புகுந்தார்கள். அவர் மர்மத்தை ஒரு சாக்காக வைத்துக்கொண்டு சமூகத்தின் புண்ணைக் கீறியவர். சந்திரகாந்தாவில் மடத்துத் தலைவர்களின் ஒழுக்கக்கேட்டை அவர் பட்டவர்த்தனமாக்கிய அளவுக்கு, உயர்ந்த நாவலாசிரியர்கள் என்று நாம் கொண்டாடும் பலர் செய்யத் துணியவில்லை. எம். கந்தசாமி முதலியார் இவருடைய நாவல்களை நாடகமாக்கிப் பையன்கள் கம்பெனிகளுக்குக் கொடுத்தார். தமிழ் மேடையில் ராஜாவும் ராணியும் போய், கோட்டும் அங்கவஸ்திரமும் அணிந்த மனிதர்கள் வந்தது அந்நாடகங்களால்தான். பிறகு சினிமா வந்தது. வடுவூராரின் மேனகா 1935லும், ரங்கராஜுவின் சந்திரகாந்தா 1936லும் படமாயின. 1950ல் மாடர்ன் தியேட்டர்ஸார் எடுத்த திகம்பர சாமியாரில் எம். என். நம்பியார் வேடத்துக்கு மேல் வேடம் போட்டார். வேடம் போட்டுத் துப்பறிவது டானவனின் பழைய வித்தை. அது கிளாஸ்கோவிலிருந்து சேலம் வந்து சேர ஏறக்குறைய அறுபது ஆண்டு ஆகியிருக்கிறது.

இவையெல்லாம் தமிழ்நாட்டுக் கதை. இங்கே, கெடா மாநிலத் தோட்டங்களுக்கு இவர்கள் எப்படி வந்தார்கள்? நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்கில் இறங்கிய தகரப்பெட்டிகளில் வந்தார்கள். பெட்டிக்குள் இராமாயணம் இருந்தது, அல்லி அரசாணி மாலை இருந்தது, அவற்றுக்கு அடியில் அட்டை கிழிந்த ராஜாம்பாளும் இருந்தாள். இம்மண்ணிலேயே எழுதப்பட்ட முதல் தமிழ் நாவலாக ஆய்வாளர் சொல்வது 1917ல் வந்த க. வெங்கடரத்தினத்தின் 'கருணாசாகரன் அல்லது காதலின் மாட்சி'. அந்த 'அல்லது'வைக் கவனியுங்கள். ஒரு நூலுக்கு இரண்டு தலைப்பு வைத்து நடுவில் 'அல்லது' போடுவது ஆங்கில நாவல்களிலிருந்து தமிழ் மர்ம நாவல்காரர்கள் எடுத்துக்கொண்ட வழக்கம். மலாயாத் தமிழ் நாவல் தன் முதல் மூச்சிலேயே அந்த உறவைக் காட்டிக்கொண்டிருக்கிறது.

என் பாட்டனார் தென்கெடாத் தோட்டம் ஒன்றில் பால்மரம் வெட்டியவர். முப்பது வயதுவரை எழுத்தறியாதவர். அவர் இருந்த லயத்தில் எழுத்துக்கூட்டி வாசிக்கத் தெரிந்தவர் ஒருவரே. இரவு மண்ணெண்ணெய் விளக்கை நடுவில் வைத்து அவர் வாசிக்க, மற்றவர்கள் சுற்றி உட்கார்ந்து கேட்பார்களாம். வாசிப்பவருக்குக் காப்பியும் வெற்றிலையும் முறை வைத்துக் கொடுப்பது வழக்கம். அந்த மனிதர் சாமர்த்தியசாலி. கொலைகாரன் கதவைத் திறக்கும் இடம் வந்ததும் 'மிச்சம் நாளைக்கு' என்று புத்தகத்தை மூடிவிடுவாராம். மறுநாள் விடியுமுன் பெரட்டுக் களத்தில், யார் குற்றவாளி என்று இரு கட்சியாய்ப் பிரிந்து பேசித் தண்டலிடம் ஏச்சு வாங்கியதுண்டாம். ஒருமுறை வாசிப்பவருக்குக் காய்ச்சல் கண்டு எட்டு நாள் படுத்துவிட்டார். கதை பாதியில் நின்றது. பாட்டனார் பொறுக்கமாட்டாமல் கிராணி வீட்டுப் பையனைப் பிடித்து அரிச்சுவடி கற்கத் தொடங்கினார். அவர் பின்னாளில் தேவாரம் வாசித்தார், செய்தித்தாள் வாசித்தார், சங்கக் கூட்டத்தில் அறிக்கை வாசித்தார். முதலில் வாசிக்க விரும்பியது யார் கொலைகாரன் என்பதை.

இதைச் சிறுவயதிலிருந்து கேட்டு வளர்ந்த நான் செய்த காரியத்தையும் சொல்லிவிடுகிறேன். ஆசிரியர் பயிற்சி முடித்துத் தோட்டப் பள்ளியொன்றில் சேர்ந்த புதிது. ஆறாம் வகுப்பு மாணவன் ஒருவன் பாடப் புத்தகத்துக்குள் மாத நாவல் ஒன்றை மறைத்து வாசித்துக்கொண்டிருந்தான். அட்டையில் துப்பாக்கியும் பெண்ணும். அரசாங்கத் தேர்வுக்கு இரண்டு மாதமே இருந்தது. புத்தகத்தைப் பிடுங்கி அலமாரியில் பூட்டினேன். பெற்றோரை அழைத்து வரச் சொன்னேன். வகுப்பில் நல்ல நூல், தீய நூல் என்று அரைமணி நேரம் சொற்பொழிவும் ஆற்றினேன். பயிற்சிக் கல்லூரியில் கற்றது அப்போது நன்றாக நினைவிலிருந்தது.

சில ஆண்டுகளுக்குப் பின் அப்பள்ளியிலிருந்து மாறும்போது அலமாரியைக் காலி செய்தேன். அந்தப் புத்தகம் கையில் அகப்பட்டது. புரட்டிப் பார்த்தேன். ஓரங்களில் பென்சிலால் சிறிய எழுத்தில் குறிப்புகள். நாற்பதாம் பக்கத்தில் '9.30 ரயில்' என்று எழுதி அடிக்கோடு இட்டிருந்தான். எண்பதாம் பக்கத்தில், 'அப்படியானால் 9 மணிக்கு வீட்டில் எப்படி?' என்று கேட்டிருந்தான். கடைசிப் பக்கத்தில், 'எழுதியவர் மறந்துவிட்டார்' என்று முடித்திருந்தான். நான் சரிபார்த்தேன். அவன் சொன்னது சரி. எழுதியவர் மறந்துதான் விட்டார். பதினொரு பன்னிரண்டு வயதுப் பிள்ளை ஒரு நூலை முன்னும் பின்னும் ஒத்துப்பார்த்துப் பிழை கண்டிருக்கிறான். கருத்துணர்தல் பாடத்தில் ஆண்டு முழுதும் நான் கற்பிக்க முயன்றதும் அதுவே. அதற்குள் அந்தத் தோட்டத்தில் ரப்பர் போய்ச் செம்பனை வந்துவிட்டது. அவன் குடும்பம் லயத்தைக் காலி செய்துகொண்டு எங்கோ பட்டணத்துப் பக்கம் போய்விட்டது. புத்தகம் இன்னும் என்னிடம்தான் இருக்கிறது.

சென்ற ஆண்டு ஐந்தாம் வகுப்பில் ஓர் ஆசிரியை விடுப்பில் இருந்ததால் அந்தப் பாடவேளைக்கு நான் போனேன். நடேச சாஸ்திரியாரின் ஒட்டகக் கதையைச் சொன்னேன். ஒட்டகத்தைப் படத்தில்தான் பார்த்திருக்கிறார்கள் என்பதால் மாடு என்று மாற்றிக்கொண்டேன். நொண்டிக்காலைப் பையன்கள் உடனே கண்டுபிடித்துவிட்டார்கள். குட்டை வாலைச் சொல்ல நேரமாயிற்று. 'பாதையின் இடப்பக்கத்துப் புல்லை மட்டும் மேய்ந்திருக்கிறது. இதிலிருந்து என்ன தெரிகிறது?' என்று கேட்டேன். வலக்கண் குருடு என்று மூன்று பேர் கத்தினார்கள். பின்வரிசையில் ஒரு பெண் மட்டும் கை உயர்த்தினாள். செம்பனைத் தோட்டத்துக்குள் மாடு மேய்த்துப் பால் விற்கும் வீட்டுப் பிள்ளை அவள்.

"இல்லைங்க ஐயா. எங்க வீட்டுல ஒத்தக் கண்ணு மாடு ஒண்ணு இருந்துச்சு. அது தலையத் திருப்பித் திருப்பி ரெண்டு பக்கமும் மேயும். வலது பக்கத்துல யாராவது மருந்து அடிச்சிருப்பாங்க."

தோட்டங்களில் புல்லுக்குக் களைக்கொல்லி அடிப்பதுண்டு என்பது எனக்குத் தெரியும். அளகாபுரி அரசன் சபையில் இப்பிள்ளை இருந்திருந்தால் அமைச்சர் பதவி மூன்று பேருக்குத்தான் கிடைத்திருக்கும்.